சுவரின் வயதைச் சொல்லும் ஒரு 'லை': சேலம் செவ்வாய்ப்பேட்டையில் ஒரு காலை நடை

[திரையில்: மூடிய கடை ஒன்றின் மேற்சுவர், மங்கிய நீல எழுத்துகள்]

வணக்கம் நேயர்களே. இந்தச் சுவரில் இரண்டே வரிகள்தான் இருக்கின்றன. மேல் வரியில் 'சேலை' என்ற சொல்லும், கீழ் வரியில் 'விலை' என்ற சொல்லும் வருகின்றன. காணொளியைச் சற்று நிறுத்திவிட்டு இரண்டு 'லை'களையும் உற்றுப் பாருங்கள். கீழே இருப்பது நாம் பள்ளியில் எழுதிப் பழகிய 'லை'. மேலே இருப்பதில் இணைக்கொம்பு தனியாக நிற்கவில்லை. துதிக்கையைத் தூக்கிய யானையைப் போல ஒரு சுழி முன்னால் எழுந்து, வளைந்து, 'ல'வின் தலையோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. ஒரே சுவரில், ஒரே கடையின் பெயரில், ஒரே எழுத்து ஏன் இரண்டு உருவத்தில் இருக்கிறது? இந்தக் கேள்விக்கு விடை தேடித்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை ஆறரை மணிக்கு நாங்கள் ஏழு பேர் செவ்வாய்ப்பேட்டையில் நடக்கத் தொடங்கினோம்.

ஞாயிற்றுக்கிழமையைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. மற்ற நாட்களில் லீ பஜார் பக்கம் சரக்கு இறக்க வரும் லாரிகள் சுவர்களை மறைத்துவிடும். கடைகள் திறந்திருப்பதால் ஷட்டரில் எழுதியிருப்பதும் மேலே சுருண்டுவிடும். எங்களுக்கு வழிகாட்டியவர் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் இந்த ஊரில் சுவர் எழுதிய ஓவியர். வயது எழுபதை நெருங்குகிறது. அவருடைய பெயரைச் சொல்ல வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால், இந்தக் காணொளி முழுவதும் அவரைப் பெரியவர் என்றே அழைக்கிறேன்.

ஊரைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். செவ்வாய்க்கிழமைச் சந்தையால் பெயர் பெற்றது செவ்வாய்ப்பேட்டை. மளிகை மொத்த வியாபாரமும் வெள்ளிக் கொலுசுத் தொழிலும் இங்கே வேரூன்றியவை. 1935-இல் மாடர்ன் தியேட்டர்ஸ் தொடங்கப்பட்டு, மலையாளத்தின் முதல் பேசும் படம் 1938-இல் இங்கிருந்தே வெளிவந்த ஊர் என்பதால், பெரிய எழுத்துக்கும் பெரிய படத்துக்கும் சேலத்துக் கண்கள் நெடுங்காலமாகப் பழகியவை.

இனி அந்த 'லை'க்கு வருவோம்.

தமிழில் ணை, லை, ளை, னை ஆகிய நான்கும் ஒரு காலத்தில் மேலே பார்த்த துதிக்கை வடிவத்தில்தான் எழுதப்பட்டன. அதேபோல ணா, றா, னா ஆகிய மூன்றிலும் துணைக்கால் தனியாக நிற்காமல், எழுத்தின் வாலாகவே சுழன்று முடிந்தது. ணொ, ணோ, றொ, றோ, னொ, னோ ஆகியவற்றுக்கும் அதே நிலைதான். மொத்தம் 13 எழுத்துகள். மற்ற மெய்களோடு சேரும்போது ஒழுங்காக நடந்துகொள்ளும் குறியீடுகள், இந்தப் பதின்மூன்றில் மட்டும் தனி உருவம் எடுத்தன. அச்சுக்கோப்பவருக்கு ஒவ்வொன்றுக்கும் தனி ஈய அச்சு வேண்டும். எழுதப் படிக்கத் தொடங்கும் குழந்தைக்கு ஒவ்வொன்றையும் தனியாக மனப்பாடம் செய்ய வேண்டும்.

இதை மாற்ற வேண்டும் என்று எழுதியதோடு நிற்காமல், 1935-ஆம் ஆண்டிலேயே தமது குடிஅரசு இதழில் மாற்றியும் காட்டினார் பெரியார். அரசு ஏற்றுக்கொள்ள நாற்பத்து மூன்று ஆண்டுகள் ஆயின. எம்.ஜி.ஆர். தலைமையிலான அரசு, பெரியாரின் நூற்றாண்டை ஒட்டி, 1978 அக்டோபரில் இந்த 13 எழுத்துகளின் சீர்திருத்த வடிவங்களுக்கு ஆணை பிறப்பித்தது. ஐகாரத்தை 'அய்' என்றும் ஔகாரத்தை 'அவ்' என்றும் எழுதலாம் என்ற பெரியாரின் மற்றக் கருத்து அந்த ஆணையில் சேர்க்கப்படவில்லை. இங்கே சேலத்துக்காரர்களுக்கு ஒரு தனி மகிழ்ச்சி உண்டு. 1944 ஆகஸ்டு 27 அன்று நீதிக்கட்சி திராவிடர் கழகம் என்று பெயர் மாறிய மாநாடு நடந்தது இந்தச் சேலத்தில்தான். அந்த மாநாட்டுக்குத் தலைவராக வந்த பெரியார் விரும்பிய எழுத்தும், அவர் விலக்க நினைத்த எழுத்தும் அதே ஊரின் ஒரே சுவரில் மேலும் கீழுமாக நிற்பதைப் பார்த்தபோது எனக்கு உடல் சிலிர்த்தது.

அப்படியானால் துதிக்கை 'லை' இருந்தால் 1978-க்கு முன், புதிய 'லை' இருந்தால் 1978-க்குப் பின் என்று கணக்கு முடிந்துவிடுமா? நானும் அப்படித்தான் நினைத்தேன். பெரியவர் தலையை அசைத்து மறுத்தார். அவர் இளைஞனாக வண்ணம் கலக்கும் வேலைக்குச் சேர்ந்தபோது ஆணை வந்திருந்ததாம். ஆனால் அவருக்குத் தொழில் கற்றுக்கொடுத்த ஆசான் கடைசி வரை பழைய வடிவத்தைத்தான் எழுதினாராம். "தம்பி, பாரமெல்லாம் அச்சுக்காரருக்குத்தான். எங்களுக்கு அது தூரிகையை ஒரு சுழற்று சுழற்றுவது, அவ்வளவுதான்" என்றார். யோசித்துப் பார்த்தால் அது எவ்வளவு சரி! ஈய அச்சுகளின் எண்ணிக்கையைக் குறைக்க வந்த மாற்றம் தூரிகை பிடித்தவருக்கு எந்தச் சுமையையும் குறைக்கவில்லை. ஆகவே பாடநூல்கள் மாறிய பிறகும் சுவர்கள் மாறாமல் இருந்தன. புதிய வடிவம் இருந்தால் அந்தச் சுவர் அவ்வளவு பழையதாக இருக்க வாய்ப்புக் குறைவு என்று சொல்லலாம். பழைய வடிவம் இருப்பதை வைத்து ஆண்டை உறுதியாகச் சொல்ல முடியாது.

சேலைக்கடைச் சுவரின் புதிருக்கும் இப்போது விடை கிடைக்கிறது. மழைத் தண்ணீர் தெறித்துக் கீழ் வரி உரிந்துபோனதால், பல ஆண்டுகள் கழித்து வேறொருவர் அதை மட்டும் திருப்பி எழுதியிருக்கிறார். பெரியவர் விரலால் காட்டிய பிறகுதான் எனக்குத் தெரிந்தது: மேல் வரியின் நீலம் சற்றுப் பச்சை கலந்தது, கீழ் வரியின் நீலம் கூர்மையானது, மேல் வரி எழுதியவர் எழுத்தின் நிழலை வலப்பக்கம் போட்டிருக்கிறார், கீழ் வரி எழுதியவர் இடப்பக்கம் போட்டிருக்கிறார்.

வயதைக் கண்டுபிடிக்க வேறு தடயங்களும் இருக்கின்றன. பலகையில் ஆறு இலக்கத் தொலைபேசி எண் இருந்தால், எண்ணுக்கு முன்னால் 2 சேர்க்கப்படுவதற்கு முன் எழுதப்பட்டது என்று வைத்துக்கொள்ளலாம். 'சேலம்-2' என்று பழைய அஞ்சல் பகுதி எண்ணோடு வரும் முகவரியை மட்டும் நம்பிவிடாதீர்கள். 1972-இல் பின்கோடு வந்த பிறகும் அந்தப் பழக்கம் தொடர்ந்தது.

[திரையில்: இரண்டு கைகளுக்கு இடையே இழுத்துப் பிடித்த நூல்]

நடையின் பாதியில், ஒரு சந்தின் வெள்ளைச் சுவர் முன்பு பெரியவர் எங்களை நிறுத்தி, சட்டைப்பையிலிருந்து ஒரு நூல் உருண்டையை எடுத்தார். வீட்டுக்காரரிடம் முன்பே அனுமதி வாங்கி வைத்திருந்தார். நூலில் நீலப்பொடியைத் தடவி, ஒரு முனையை எங்களோடு வந்த அம்மாப்பேட்டை மாணவியிடம் கொடுத்தார். மறுமுனையைத் தாம் பிடித்துக்கொண்டு, நூலைச் சுவரோடு ஒட்டி விறைப்பாக இழுத்து, நடுவில் இரண்டு விரலால் பிடித்துச் சுண்டிவிட்டார். 'டப்' என்ற சிறு ஓசை கேட்டது. சுவரில் மயிரிழை போல ஒரு நேரான நீலக் கோடு விழுந்திருந்தது. இதற்குத்தான் நூல் அடிப்பது என்று பெயர். மேலே ஒரு கோடு, கீழே ஒரு கோடு அடித்துவிட்டால் எழுத்தின் உயரம் முடிவாகிவிடும். எழுதி முடித்துக் காய்ந்த பிறகு துணியால் தட்டினால் பொடி உதிர்ந்துவிடும். அந்த மாணவியின் வீட்டில் கைத்தறி ஓடுகிறது. பாவு நூலின் விறைப்பு கைக்குப் பழகியிருந்ததால், இரண்டாவது கோட்டை அவரே அடித்தார். ஒரு நூலிழைகூடத் தவறவில்லை.

பிறகு பெரியவர் கையைத் தாங்கும் கோலைக் காட்டினார். முழ நீளத்தைவிடச் சற்றுப் பெரிய குச்சியின் நுனியில் துணியை உருண்டையாகக் கட்டியிருக்கிறார். உருண்டையைச் சுவரில் ஊன்றி, இடக்கையால் குச்சியைப் பிடித்து, அதன் மேல் வலக்கை மணிக்கட்டை வைத்து எழுதினால் ஈரமான எழுத்தின் மேல் கை படாது. சாரத்தின் மேல் நின்று எழுதும்போது உடம்பு ஆடினாலும் எழுத்து ஆடாமல் இருப்பதற்கு இந்தக் குச்சியே காரணம்.

கட்சிச் சுவர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். வெள்ளையடித்த சுவரின் மூலையில் கட்சியின் பெயரும் ஆண்டும் மட்டும் எழுதி, இருபுறமும் அம்புக்குறி போட்டிருப்பதை நீங்கள் எல்லோரும் பார்த்திருப்பீர்கள், அதுதான் முன்பதிவு. பொதுப்பார்வையில் படும் இடங்களை அலங்கோலப்படுத்துவதைத் தடுக்கும் சட்டம் 1959-ஆம் ஆண்டிலிருந்தே தமிழ்நாட்டில் இருக்கிறது. தேர்தல் நடத்தை விதிகள் நடைமுறைக்கு வந்ததும் அரசுச் சுவர்களில் உள்ள எழுத்துகள் அழிக்கப்படுகின்றன. பிறகு மீண்டும் வெள்ளை, மீண்டும் எழுத்து. ஒரு சுவரின் உடைந்த விளிம்பில் இந்த அடுக்குகளைக் கண்ணால் எண்ணிப் பார்த்தோம்: சுண்ணாம்பு, சிவப்பு, சுண்ணாம்பு, பச்சை, மீண்டும் சுண்ணாம்பு, அதற்கு மேல் மங்கிய மஞ்சள். விரல் நகத்தின் தடிமன்கூட இல்லாத இடத்தில் அத்தனை தேர்தல்கள்.

வெளியூர்களிலும் சுவர்களைப் பார்க்கவென்றே மக்கள் நடக்கிறார்கள். மலேசியாவின் பினாங்கில், 2008-இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்ற ஜார்ஜ் டவுனில், லிதுவேனிய ஓவியர் எர்னஸ்ட் ஸாகரேவிச் 2012-இல் அர்மேனியன் தெருச் சுவரில் இரண்டு குழந்தைகளை வரைந்து, அவர்கள் ஏறி அமர்ந்திருப்பது போல ஓர் உண்மையான மிதிவண்டியைச் சுவரோடு பொருத்தினார். அதன் முன் நின்று படம் எடுத்துக்கொள்ள மக்கள் வரிசையில் காத்திருக்கிறார்கள். சென்னை கண்ணகி நகரின் அடுக்குமாடிச் சுவர்கள் 2020-இல் பெரும் ஓவியங்களால் நிரம்பின. இரண்டும் அழகானவை, இரண்டையும் நான் மதிக்கிறேன். ஆனாலும் என் மனம் செவ்வாய்ப்பேட்டைச் சுவர்களிடம்தான் கூடுதலாக ஒட்டுகிறது. அங்கே ஓவியர் பார்வையாளருக்காக வரைந்தார். இங்கே எழுதியவர் சேலை விற்பதற்காக, வெல்லம் விற்பதற்காக, அன்றைய கூலிக்காக எழுதினார். அப்படி எழுதிய வரியிலும் நிழல் எந்தப் பக்கம் விழ வேண்டும் என்று அவர் கவலைப்பட்டிருக்கிறார் என்பதுதான் எனக்குப் பெரிதாகத் தோன்றுகிறது. கீழ் மூலையில் சின்னதாக, தம் பெயரோடு 'ஆர்ட்ஸ்' என்று சேர்த்துக் கையெழுத்தும் போட்டிருக்கிறார்.

இந்தச் சுவர்கள் வேகமாகக் குறைந்துவருகின்றன. பிளெக்ஸ் பேனர் வந்த பிறகு பெரியவரோடு தொழில் கற்றவர்களில் பலர் வீட்டுக்கு வண்ணம் அடிக்கும் வேலைக்குப் போய்விட்டார்கள். ஆறு மாதங்களுக்கு முன் நான் தனியாக வந்தபோது, ஒரு முனைக்கடையின் நெற்றியில் பழைய 'ணா' ஒன்றைப் பார்த்து, அடுத்த முறை நல்ல வெளிச்சத்தில் படம் எடுக்கலாம் என்று விட்டுவிட்டேன். இந்த முறை அந்த இடத்தில் பளபளக்கும் ஏசிபி எனும் அலுமினியத் தகடு இருந்தது. ஆகவே நேயர்களே, உங்கள் தெருவில் இப்படி ஒரு சுவர் இருந்தால் இன்றைக்கே படம் எடுத்துவிடுங்கள்; எந்த ஊர், எந்தத் தெரு என்று கருத்துப் பகுதியில் எழுதுங்கள். குறிப்பாக அந்த 13 எழுத்துகளில் ஒன்று கண்ணில் பட்டால் கட்டாயம் தெரிவியுங்கள்.

[திரையில்: சுவரில் ஒட்டிய மெல்லிய தாள், அதன் மேல் நகரும் பென்சில்]

சேலைக்கடை உரிமையாளர் ஆடித் திருவிழாவுக்கு முன், வண்டி வேடிக்கை பார்க்கக் கூட்டம் வருவதற்குள், கடைக்குப் புது வண்ணம் அடிக்கப்போவதாகச் சொன்னார். தடுக்கும் உரிமை எங்களுக்கு இல்லை. ஒரு மணி நேரம் மட்டும் கேட்டோம். ஏணியையும் அவரே கொடுத்தார். டிரேஸிங் தாளைச் சுவரில் ஒட்டி, பெரியவர் மேல் வரி முழுவதையும் பென்சிலால் படியெடுத்தார். துதிக்கையின் வளைவுக்கு வந்தபோது மட்டும் பென்சிலை நிறுத்தி, தாளைத் தொடாமல் காற்றில் இரண்டு முறை அந்தச் சுழியைப் போட்டுப் பார்த்துவிட்டு, ஒரே இழுப்பில் வரைந்தார். தாளைச் சுருட்டி, நீலப்பொடி ஒட்டிய அதே நூலால் கட்டி, தம் சைக்கிளின் கேரியரில் வைத்துக்கொண்டார்.