பவுலின் வருஷக் கணக்கும் டெல்ஃபியில் கிடைத்த ஒரு கல்லும்

[திரையில்: புதிய ஏற்பாட்டின் பொருளடக்கப் பக்கம்]

புதிய ஏற்பாட்டைத் திறந்தால் முதலில் மத்தேயு, அப்புறம் மாற்கு, லூக்கா, யோவான், பிறகு அப்போஸ்தலர் நடபடிகள், அதற்கும் பின்னால்தான் பவுலின் நிருபங்கள். சின்ன வயசிலிருந்து இந்த வரிசையிலேயே படித்துப் பழகியதால், எழுதப்பட்டதும் இதே வரிசையில்தான் என்று மனசு தானாக எடுத்துக்கொள்கிறது. நானும் ரொம்ப வருஷம் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். ஆனால் முதலில் வந்தவை நிருபங்கள். மாற்கு சுவிசேஷம் கி.பி. 70 வாக்கில் எழுதப்பட்டது என்பது பெரும்பாலான ஆய்வாளர்களின் கணக்கு. பவுலின் முதல் நிருபம் அதற்கு ஏறக்குறைய 20 வருஷம் மூத்தது.

சரி, நிருபங்களாவது காலவரிசையில் இருக்கிறதா என்றால், அதுவும் இல்லை. ரோமர் முதலில் வருவதற்குக் காரணம் அதன் நீளம். சபைகளுக்கு எழுதியவை பெரிதிலிருந்து சிறிதாக அடுக்கப்பட்டிருக்கின்றன, அப்புறம் தனி ஆட்களுக்கு எழுதியவை, அவற்றில் கடைசியாக ஒரே அதிகாரம் உள்ள பிலேமோன். கையில் கிடைத்திருப்பதில் மிகப் பழைய நிருபத் தொகுப்பான பாப்பிரஸ் 46, சுமார் கி.பி. 200-ஐச் சேர்ந்தது, அதிலும் ஏறக்குறைய நீள வரிசைதான். ஆக, படித்துக்கொண்டே போனால் பவுலின் வாழ்க்கை வரிசையாக விரியும் என்று எதிர்பார்க்க முடியாது. நாமே கோத்துப் பார்க்க வேண்டும்.

கோப்பதற்கு எங்கேயாவது ஒரு தேதி வேண்டும். பவுல் எந்த நிருபத்திலும் தேதி போடவில்லை. தேதி கிடைத்தது பைபிளுக்கு வெளியே, உடைந்துபோன ஒரு கல்லில்.

[திரையில்: டெல்ஃபி அப்பொல்லோ கோயிலின் இடிபாடு, பிறகு கல்வெட்டுத் துண்டுகள்]

லூக்கா எழுதியதாகச் சொல்லப்படும் அப்போஸ்தலர் நடபடிகளில் 18-ஆம் அதிகாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பவுல் கொரிந்துவில் ஒன்றரை வருஷம் தங்குகிறார். அப்போது அவர்மேல் கோபமாக இருந்த யூதர்கள் அவரைப் பிடித்து, கல்லியோன் என்ற ரோம அதிபதியின் நியாயாசனத்துக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்துகிறார்கள். பவுல் வாயைத் திறப்பதற்குள், இது உங்கள் வேதத்தைப் பற்றிய தகராறு, நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள் என்று சொல்லி எல்லோரையும் துரத்திவிடுகிறார் கல்லியோன். மொத்தம் ஐந்தாறு வசனம்தான், வேகமாகப் படித்தால் தாண்டிப் போய்விடுவோம்.

இப்போது டெல்ஃபி, கிரேக்கத்தின் பழைய கோயில் ஊர். அங்கே பிரெஞ்சுக்காரர்கள் தோண்டியபோது கிடைத்த கல் துண்டுகளில் நான்கை 1905-இல் வெளியிட்டார்கள். பிற்பாடு இன்னும் சில சேர்ந்து 1970-இல் ஒன்பது துண்டுகளாக வாசிக்கப்பட்டது. அது கிளாடியஸ் பேரரசர் எழுதிய ஒரு கடிதம். நம் பைபிளில் கிலவுதியு என்று வருகிறாரே, அவரேதான். டெல்ஃபியில் குடிகள் குறைந்துபோயிருக்கிறார்கள், வெளியூரிலிருந்து ஆட்களை அழைத்துக் குடியேற்ற வேண்டும் என்பது கடிதத்தின் விஷயம். இந்த நிலைமையைத் தனக்குச் சொன்னவர் தன் நண்பரும் அதிபதியுமான கல்லியோன் என்று பேரரசர் அதில் எழுதுகிறார்.

பெயர் கிடைத்தது பெரிய விஷயம்தான், ஆனால் அதைவிடப் பெரிய விஷயம் கடிதத்தின் தலைப்பில் இருக்கும் எண். படைகள் ஜெயிக்கும்போதெல்லாம் பேரரசரை "இம்பராத்தோர்" என்று கோஷமிட்டு வாழ்த்துவார்கள், அது எத்தனையாவது தடவை என்பதைப் பட்டங்களோடு சேர்த்து எழுதிக்கொள்வார்கள். டெல்ஃபி கல்லில் இருப்பது 26. நம் ஊர்க் கோயில் சுவர்களில் சோழர் மெய்க்கீர்த்தி படிப்பவர்களுக்கு இந்த முறை புதுசாக இருக்காது: ராஜா ஜெயித்த இடங்களின் பட்டியல் எதுவரை வந்திருக்கிறது என்று பார்த்தே கல்வெட்டின் காலத்தை நெருங்கிவிடுவார்கள். ரோமில் கிளாடியஸ் கட்டிய பெரிய வாய்க்கால்பாலத்தின் கல்வெட்டில் அந்த எண் 27 ஆகிவிட்டது. அந்தப் பாலம் திறந்தது 52 ஆகஸ்ட் 1. அப்படியென்றால் 26 என்று போட்ட கடிதம் அதற்கு முன்னால் எழுதியது, பெரும்பாலும் 52-இன் முதல் பாதியில். கொரிந்து இருந்த ரோம மாகாணம் அகாயா, அதன் அதிபதிகளுக்குப் பதவி பொதுவாக ஒரு வருஷம், கோடையில் மாறுவார்கள். எனவே கல்லியோன் வந்து இறங்கியது 51-இன் நடுவில் என்று வைத்தால் எல்லாம் பொருந்துகிறது.

கல்லியோன் யார் தெரியுமா? தத்துவ அறிஞர் செனெக்காவின் அண்ணன். செனெக்கா ஒரு கடிதத்தில், அண்ணனுக்கு அகாயாவில் காய்ச்சல் வந்ததாகவும், நோய் உடம்பில் இல்லை, இந்த ஊரில்தான் இருக்கிறது என்று சொல்லிக்கொண்டே உடனே கப்பல் ஏறிவிட்டதாகவும் எழுதுகிறார். ஆக, அவர் முழு வருஷமும் அங்கே இருந்தார் என்றுகூட நினைக்க வேண்டியதில்லை. பவுலின் வழக்கை இரண்டு வாக்கியத்தில் தள்ளிவிட்ட மனிதரை இன்னொரு பக்கத்திலிருந்து பார்க்கிறோம், எனக்கு இது ஒவ்வொரு தடவையும் சிலிர்ப்பாக இருக்கிறது.

இன்னொன்றும் கவனியுங்கள். தமிழில் "அதிபதி" என்று பொதுவாக நிற்கும் இடத்தில் கிரேக்கத்தில் லூக்கா போடுவது ஒரு குறிப்பான பதவிப் பெயர், செனட்டின் பொறுப்பில் இருந்த மாகாணத்துக்கு மட்டுமே உரியது. அகாயா 15 முதல் 44 வரை பேரரசரின் நேரடிப் பொறுப்பில் இருந்தது, 44-இல் கிளாடியஸ் அதைச் செனட்டுக்குத் திருப்பிக் கொடுத்தார். சில வருஷம் முந்தி நடந்திருந்தால் அந்தப் பதவிப் பெயரே தப்பாகியிருக்கும். லூக்கா சரியாகவே எழுதியிருக்கிறார்.

அதற்காக லூக்கா எல்லா இடத்திலும் சரி என்று நான் சொல்லப்போவதில்லை. அப்போஸ்தலர் 5-இல் யூத வேத அறிஞர் கமாலியேல் பேசும்போது, தெயுதாஸ் என்பவன் எழும்பினான், அவனுக்குப் பின்பு கலிலேயனாகிய யூதாஸ் எழும்பினான் என்கிறார். யூத வரலாற்றாசிரியர் யோசேபஸ் கணக்கில் தெயுதாஸ் எழும்பியது பாதுஸ் என்ற அதிகாரியின் காலத்தில், அதாவது 44-க்குப் பிறகு. கமாலியேல் பேசியதற்கே பல வருஷம் பிந்தி. யூதாஸோ குடிமதிப்பு நடந்த கி.பி. 6-ஐச் சேர்ந்தவன். வேறொரு தெயுதாஸ் இருந்திருக்கலாம் என்று சொல்பவர்கள் உண்டு. எனக்கு அது கையில் இல்லாத ஆளைக் கொண்டுவந்து நிறுத்துவது மாதிரி படுகிறது. லூக்காவுக்கு இங்கே வரிசை பிசகிவிட்டது என்பதே நேர்மையான பதில். ஒரே ஆசிரியர் ஒரு இடத்தில் அச்சுப்பிசகாமல் எழுதுகிறார், இன்னொரு இடத்தில் தடுமாறுகிறார். ஒவ்வொரு இடத்தையும் தனித்தனியாகத்தான் பார்க்க வேண்டும்.

[திரையில்: நடுவில் கோடு போட்ட நோட்டுப் பக்கம், இடது பக்கம் அப்போஸ்தலர், வலது பக்கம் கலாத்தியர்]

இப்போது கொரிந்துவிலிருந்து பின்னோக்கிப் போகலாம். இது நான் ஒரு கோடு போட்ட நோட்டில் எழுதிப் பார்த்தது, நீங்களும் எழுதிப் பாருங்கள், அரை மணி நேரம் போதும்.

வலது பக்கம் கலாத்தியர் 1, 2. பவுல் தமஸ்குவில் அழைப்பைப் பெறுகிறார், அதாவது இயேசுவின் பக்கம் மனம்மாறுகிறார். எருசலேமுக்குப் போகவில்லை, அரபிக்குப் போகிறார், மறுபடியும் தமஸ்கு. மூன்று வருஷம் கழித்து எருசலேம், பேதுருவோடு 15 நாள், கர்த்தருடைய சகோதரன் யாக்கோபைத் தவிர வேறு அப்போஸ்தலர் யாரையும் பார்க்கவில்லை. பிறகு சீரியா, சிலிசியா. 14 வருஷம் கழித்து பர்னபாவோடும் தீத்துவோடும் மறுபடியும் எருசலேம். மொத்தம் இரண்டே பயணம்.

இடது பக்கம் அப்போஸ்தலர். தமஸ்குவில் "அநேக நாள்". அரபி என்ற பேச்சே இல்லை. எருசலேமுக்கு வருகிறார், பர்னபா அவரை அப்போஸ்தலரிடம் அழைத்துக்கொண்டு போகிறார், ஊருக்குள் வெளிப்படையாகப் போய்வந்து பிரசங்கிக்கிறார். பிறகு 11-ஆம் அதிகாரத்தில் பஞ்ச காலத்துக்கு உதவிப் பணம் எடுத்துக்கொண்டு ஒரு பயணம். பிறகு 15-ஆம் அதிகாரத்தில் விருத்தசேதனம் பற்றிய பெரிய ஆலோசனைக் கூட்டத்துக்கு இன்னொன்று. மூன்று பயணம் ஆகிவிட்டது.

பவுல் இந்த இடத்தில் சும்மா நினைவுகூரவில்லை. தனக்குச் சுவிசேஷம் மனுஷரிடமிருந்து வந்ததல்ல என்று வாதாடுகிறார், எழுதுவது பொய்யல்ல என்று தேவனுக்கு முன்பாகச் சத்தியமே செய்கிறார். எருசலேம் பயணம் ஒன்றை விட்டுவிட்டார் என்றால் எதிராளி அதையே பிடித்துக்கொள்வான். லூக்காவுக்கு வேறு அக்கறை: எருசலேமில் தொடங்கி ரோம் வரை போகும் ஒரே கதை, எல்லோரும் ஒருமனமாக இருக்கும் கதை. அதனால்தான் தேதியும் பயணக் கணக்கும் மோதும் இடத்தில் நான் பவுலின் பக்கம் சாய்கிறேன். தன் வாழ்க்கையைத் தானே, அதுவும் சத்தியம் பண்ணி எழுதுகிறார் என்பது சின்ன விஷயமில்லை. கடந்த நூற்றாண்டின் நடுவில் ஜான் நாக்ஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர் இதையே ஒரு விதியாக வைத்து வாதாடினார்: முதலில் நிருபங்கள், அப்புறம்தான் அப்போஸ்தலர். (ஸ்காட்லாந்துச் சீர்திருத்தவாதி ஜான் நாக்ஸ் வேறு ஆள்.)

அப்படியானால் பவுலின் இரண்டாவது பயணம் லூக்காவின் எந்தப் பயணம்? வில்லியம் ராம்சே போன்றவர்கள் அது பஞ்ச காலப் பயணம் என்றார்கள், எண்ணிக்கை இரண்டுக்கு இரண்டு பொருந்திவிடும். ஆனால் கலாத்தியர் 2-இல் நடக்கும் சண்டை, அதில் இருக்கும் ஆட்கள், புறஜாதியாருக்கு, அதாவது யூதரல்லாதவர்களுக்கு, விருத்தசேதனம் வேண்டுமா என்ற கேள்வி எல்லாமே அப்போஸ்தலர் 15 மாதிரியே இருக்கிறது. நான் அதையே எடுத்துக்கொள்கிறேன். அதிலும் ஒரு முள் இருக்கிறது: லூக்கா கணக்கில் கூட்டத்தின் முடிவாக, விக்கிரகத்துக்குப் படைத்தது, இரத்தம், நெருக்குண்டு செத்தது, வேசித்தனம் இவற்றுக்கு விலகுங்கள் என்று ஒரு கடிதமே போகிறது, பவுலோ தரித்திரரை நினைத்துக்கொள்ளுங்கள் என்பதைத் தவிர அவர்கள் வேறெதுவும் கேட்கவில்லை என்கிறார். இதைச் சமாதானப்படுத்த எழுதிய விளக்கங்களில் ஒன்றும் என்னைத் திருப்திப்படுத்தவில்லை.

[திரையில்: காலக்கோடு, 30 முதல் 52 வரை]

இனி எண்கள். பவுல் கொரிந்துவுக்கு வந்தது சுமார் 50. அங்கே அவர் சந்திக்கும் ஆக்கில்லாவும் பிரிஸ்கில்லாளும், கிளாடியஸ் யூதரை ரோமிலிருந்து வெளியேறச் சொன்னதால் வந்தவர்கள். ஐந்தாம் நூற்றாண்டின் ஓரோசியஸ் அதற்கு 49 என்று வருஷம் சொல்கிறார். பிந்திய ஆள் என்பதால் கல்லுக்குச் சமமாக அதை வைக்க மாட்டேன், ஆனால் இடிக்கவில்லை. எருசலேம் கூட்டம் 48 அல்லது 49. அதிலிருந்து 14, பிறகு 3, மொத்தம் 17 வருஷம் கழித்தால் 31, 32-இல் வந்து நிற்கிறோம். சிலுவை மரணத்துக்குப் பெரும்பாலும் சொல்லப்படும் இரண்டு தேதிகள் 30 ஏப்ரல் 7, 33 ஏப்ரல் 3. முதலாவது என்றால் இடம் இருக்கிறது. இரண்டாவது என்றால், இயேசு இறப்பதற்கு முன்பே பவுல் மனம்மாறிவிட்டார் என்று ஆகிவிடும்!

இங்கேதான் அந்தக் காலத்து எண்ணும் முறை முக்கியமாகிறது. பிள்ளைக்கு என்ன வயசு என்று கேட்டால் "ஐந்து முடிந்து ஆறு நடக்கிறது" என்போமே, அந்த மாதிரி, நடக்கும் வருஷத்தையும் ஒரு வருஷமாகவே சேர்த்து எண்ணுவார்கள். வெள்ளிக்கிழமை இறந்தவர் ஞாயிற்றுக்கிழமை எழுந்ததை "மூன்றாம் நாள்" என்பது இதே கணக்குதான். அப்படிப் பார்த்தால் "மூன்று வருஷம்" இரண்டுக்குக் கொஞ்சம் மேலாக இருக்கலாம், "14" என்பது பதிமூன்றாகவும் இருக்கலாம். பதினேழு பதினைந்தாகச் சுருங்கி, பவுலின் அழைப்பு 33, 34-க்கு நகர்கிறது. அதோடு, 14 வருஷத்தை முதல் பயணத்திலிருந்து எண்ண வேண்டுமா, அழைப்பிலிருந்தே எண்ண வேண்டுமா என்பதையும் பவுலின் வாக்கியம் முடிவாகச் சொல்வதில்லை.

மேல்பக்கத்திலும் ஒரு எல்லை உண்டு. 2 கொரிந்தியர் 11-இல், அரேத்தா ராஜாவின் சேனைத்தலைவன் தமஸ்குவைக் காவல் வைத்ததாகவும், தான் ஜன்னல் வழியாகக் கூடையில் மதிலிலிருந்து இறக்கப்பட்டுத் தப்பியதாகவும் பவுல் சொல்கிறார். அதே கூடை, அதே மதில் அப்போஸ்தலர் 9-இலும் வருகிறது, ஆனால் அங்கே கொல்லப் பார்ப்பவர்கள் யூதர்கள், அரேத்தா பெயரே இல்லை. நபாத்திய ராஜா நாலாம் அரேத்தா இறந்தது சுமார் 40. ஆக அந்தக் கூடை அதற்கு முன்னால் இறங்கியிருக்க வேண்டும், பவுலின் முதல் எருசலேம் பயணத்தை 36 வாக்கில் வைப்பதில் தடையில்லை.

அந்தப் பயணத்துக்கே திரும்பி வருகிறேன். சிலுவை மரணம் நடந்து பத்து வருஷம்கூட ஆகவில்லை, பெரும்பாலும் மூன்று முதல் ஆறு வருஷத்துக்குள். பேதுருவின் வீட்டில் 15 நாள், கூடவே யாக்கோபையும் பார்க்கிறார். பிற்பாடு 1 கொரிந்தியர் 15-இல், தானும் பெற்றுக்கொண்டதாகச் சொல்லி, உயிர்த்தெழுந்தவர் யார் யாருக்குத் தரிசனமானார் என்று பவுல் ஒரு பட்டியல் தருகிறார். அதில் பலர் கூட்டமாக வருகிறார்கள், பன்னிருவர், ஐந்நூறுக்கு அதிகமான சகோதரர், அப்போஸ்தலர் எல்லோரும் என்று. பவுலைத் தவிர, தனியாகப் பெயர் சொல்லப்படுபவர்கள் இரண்டே பேர்: கேபா, அதாவது பேதுரு, அப்புறம் யாக்கோபு.