படைப்பைத் தீர்மானிப்பது கலைஞனின் வாழ்க்கையே! – பட்டிமன்ற உரை

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். படைப்பைத் தீர்மானிப்பது வாழ்க்கை அல்ல என்று வாதாடும் எதிரணித் தலைவர், ஜெர்மன் இசையமைப்பாளர் ராபர்ட் ஷூமானின் 'ஃபான்டசி' என்ற பியானோ படைப்பைக் கையில் எடுத்தார். "பான் நகரில் பீத்தோவனுக்குச் சிலை வைக்க நிதி திரட்டத் தந்த படைப்பு இது, இதில் காதல் எங்கே வந்தது?" என்று கேட்டுக் கைதட்டலும் வாங்கினார்.

ஐயா, காலத்தைப் பாருங்கள். 1836, ஜெர்மனியின் லைப்சிக் நகரம். ஷூமானின் பியானோ ஆசான் ஃபிரீட்ரிக் வீக். அவர் மகள் கிளாரா, பதினாறு வயதிலேயே மேடையில் பெயர் வாங்கியவர். மாணவன் மகளை விரும்புகிறான் என்று தெரிந்ததும், பார்க்கக்கூடாது, கடிதம் போடக்கூடாது என்று தடை போட்டார் தந்தை. (வில்லன் அப்பா நம் சினிமாவில் மட்டும்தான் என்று நினைத்தீர்களா?) அந்த ஆண்டு எழுதியதுதான் முதல் பகுதி. அதைச் சிலை நிதிக்குத் தரும் யோசனை பிறகுதான் வந்தது. 1838-ல் கிளாராவுக்கே எழுதுகிறார், அது உன்னை எண்ணிய ஆழ்ந்த புலம்பல் என்று.

"காதலன் கடிதத்தில் எதைத்தான் சொல்லமாட்டான்?" என்பார்கள். சரி, கடிதம் வேண்டாம், சுரத்துக்கே வருவோம். சி மேஜர் என்று பெயர், அதாவது 'சி' என்ற சுரமே ஆதாரம், நம் ஸட்ஜம் மாதிரி. ஆனால் இடது கை அதற்கு ஐந்தாவது சுரமான பஞ்சமத்தைச் சுற்றியே சுழல்கிறது. ஆதார சுரத்தில் அழுத்தமாக வந்து அமர்வது முதல் பகுதியின் கடைசியில்தான்! இலை போட்டு, ஊறுகாய், பொரியல் எல்லாம் வைத்துவிட்டுச் சோற்று வாளியை மட்டும் கண்ணில் காட்டாமல் பத்து நிமிஷம் உட்கார வைத்தால் எப்படி இருக்கும்?

அமரும் இடத்தில் ஒலிப்பது யார் இசை? பீத்தோவனுடையது. எதிரணி கைதட்டலாம். ஆனால் எந்தப் பீத்தோவன்? சிலைக்காக மட்டும் என்றால் ஐந்தாம் சிம்ஃபனியின் முதல் நான்கு சுரமே போதுமே! ஷூமான் தொட்டது 1816-ல் வந்த 'தொலைவிலிருக்கும் காதலிக்கு' என்ற பாடல் வரிசையின் கடைசிப் பாட்டை. "இந்தப் பாடல்களை ஏற்றுக்கொள்" என்று பிரிந்திருக்கும் பெண்ணிடம் காதலன் சொல்லும் பாட்டு அது. இங்கேயும் பெண் பிரிந்திருக்கிறாள், பியானோவும் வாசிப்பவள். தூது அனுப்ப வேறு வழி?

"இதெல்லாம் நுட்பம்" என்பார்கள். நுட்பம்தான், யார் மறுத்தார்கள்? காத்திருப்பைச் சுருதியிலேயே கட்டத் தெரிந்தவன் கைதேர்ந்தவன். அந்தக் காத்திருப்பை அவனுக்குக் கொடுத்தது எது என்பதுதானே இங்கே வழக்கு?

எதிரணியின் அடுத்த பேச்சாளர், "1839-ல் அச்சானபோது பியானோ மேதை லிஸ்ட்டுக்குத்தானே காணிக்கை?" என்று எழுந்து வருவார். அவருக்கு இப்போதே சொல்லிவிடுகிறேன். அதே ஆண்டு கிளாராவுக்கு எழுதிய கடிதத்தில், அந்த இசைநூலின் முகப்பில் வைத்த, ஜெர்மன் கவிஞர் ஷ்லேகலின் கவிதையில் வரும் மெல்லிய சுரம் நீதானே என்று கேட்கிறார் ஷூமான். லிஸ்ட்டிடம் அப்படிக் கேட்டதாக ஒரு கடிதம் காட்டுங்கள், நாங்கள் மேடையை விட்டு இறங்கிவிடுகிறோம்!