நிர்வாக சபையைக் கலைத்துவிட்டார்கள், வழக்குப் போடலாமா?

வணக்கம். அடுத்த கேள்வி ஒட்டுசுட்டான் பக்கமிருந்து. பலநோக்குக் கூட்டுறவுச் சங்கமொன்றின் தலைவர் கேட்கிறார்: "எங்கள் நிர்வாக சபையைக் கலைத்ததாக வெள்ளிக்கிழமை கடிதம் வந்தது. திங்கட்கிழமை புது ஆளைக் கொண்டுவந்து இருத்திவிட்டார்கள். எங்களிடம் ஒரு சொல் கேட்கவில்லை, நாங்கள் ஒரு சதமும் எடுக்கவில்லை. வழக்குப் போடலாமா?"

போடலாம் ஐயா. ஆனால் நீங்கள் கடைசியாகச் சொன்னதை முதலில் ஒதுக்கி வையுங்கள். நீங்கள் கேட்கப்போவது எழுத்தாணை, அதாவது அதிகாரியின் கட்டளையை ரத்துச் செய்யச் சொல்லி நீதிமன்றம் கொடுக்கும் ஆணை. சதம் எடுத்தீர்களா இல்லையா என்று அந்த நீதிமன்றம் கணக்குப் பார்க்காது. கலைக்க அதிகாரம் இருந்ததா, விசாரணை நடந்ததா, உங்கள் ஆட்சேபனையைச் சொல்ல இடம் தந்தார்களா, இவைதான் அங்கே பேச்சு. 1972ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் பதிவாளருக்கு, அதாவது நாங்கள் ஆணையாளர் என்று சொல்பவருக்கு, கடமையைச் சரியாகச் செய்யாத சபையைக் கலைக்கும் அதிகாரத்தைக் கொடுத்திருக்கிறது. அதே சட்டம்தான் கலைக்கும் முன் சபையின் ஆட்சேபனையைக் கேட்கவும் சொல்கிறது. உங்கள் பலமே "கேட்கவில்லை" என்ற அந்த ஒரு சொல்லில் இருக்கிறது.

இதற்கு நல்ல உதாரணம் எங்கள் வடக்கிலேயே உண்டு. 1966 மே மாதம் யாழ்ப்பாண மாநகர சபைக்குத் திறமையில்லை என்று சொல்லி அமைச்சர் அதைக் கலைத்தார். அதிகாரி வந்து பார்த்துவிட்டுப் போனார், சபையிடம் விளக்கம் கேட்கவேயில்லை. அப்போதைய மேயர் அல்பிரட் துரையப்பா வழக்குப் போட்டார், அது அப்போது எங்களுக்குக் கடைசி மேன்முறையீட்டு மன்றமாக இருந்த இலண்டன் பிரிவிக் கவுன்சில் வரைக்கும் போனது. சபையைக் கேட்டிருக்க வேண்டும் என்றுதான் அங்கே சொன்னார்கள். அப்படியும் மேயர் தோற்றார்! ஏனென்றால் கேட்கப்படும் உரிமை சபைக்குரியது, சபை முறையிடவில்லை, அவர் தனியாளாக வந்து நிற்கிறார் என்றார்கள். சட்டம் பிறகு வளர்ந்திருக்கிறது, ஆனாலும் அந்தப் பள்ளத்தில் நீங்கள் விழ வேண்டாம். தலைவர் நான் பார்த்துக்கொள்கிறேன் என்று தனியே போகாமல், சபை உறுப்பினர்கள் எல்லோரும் மனுதாரராக நில்லுங்கள், ஆளாளுக்குச் சத்தியக்கடதாசி கொடுங்கள். இரண்டு பேர் பின்வாங்கினாலும் மிச்சப் பேர் நில்லுங்கள்.

எங்கே போவது? அரசியலமைப்பின் 13ஆவது திருத்தத்தோடு கூட்டுறவு மாகாண சபைகளின் அதிகார நிரலுக்குள் வந்துவிட்டது. அதனால் மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்கலாம், இதற்காகக் கொழும்புக்கு ஓட வேண்டியதில்லை. சிலர் கூட்டுறவுச் சட்டத்தின் 58ஆம் பிரிவில் பிணக்காகக் கொடு என்பார்கள். அது உறுப்பினருக்கும் சங்கத்துக்கும் இடையில் வருகிற பிணக்குகளுக்கு, அதுவும் பதிவாளரிடம்தான் போகும், அவருடைய கட்டளையையே எதிர்க்கும்போது அவரிடமே போய் என்ன பயன்?

சுணங்க வேண்டாம். எழுத்தாணைக்கு இத்தனை நாளுக்குள் என்று கட்டாயக் கணக்கு இல்லை, ஆனால் காரணமில்லாமல் தாமதித்தவருக்கு நீதிமன்றம் கைகொடுப்பது கடினம். விசாரணை அறிக்கையைத் தகவலறியும் சட்டத்தில் (2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கம்) எழுதிக் கேளுங்கள், 14 வேலை நாட்களுக்குள் தருகிறோமா இல்லையா என்று அவர்கள் முடிவு சொல்ல வேண்டும். அதற்காக வழக்கை நிறுத்தி வைக்காதீர்கள், இரண்டும் ஒன்றாகவே நடக்கட்டும்.

இன்னொன்று, இதை மனம் நொந்து சொல்கிறேன். கோபத்தில் திறப்பைக் கொடுக்காமல் விடுவதும், கூட்டக்குறிப்புப் புத்தகத்தை வீட்டுக்குக் கொண்டுபோவதும் நடக்கிறது. செய்யாதீர்கள், வழக்கே உங்களுக்கு எதிராகத் திரும்பிவிடும். இடம்பெயர்ந்த காலத்தில் சனத்துக்கு நிவாரண அரிசி இந்தச் சங்கக் கடைகளால்தான் போனது, அது உங்களுக்கும் ஆணையாளருக்கும் நடக்கிற சண்டையில் பூட்டிக் கிடக்கக் கூடாது. கலைந்தது சபைதான், சங்கத்தின் பதிவு அப்படியே இருக்கிறது, சனத்தின் பங்குப் பணமும் அப்படியே. அதனால் கையிருப்புக் கணக்கெடுத்து, பட்டியல் எழுதி, இரண்டு பக்கமும் ஒப்பமிட்டு, "எதிர்ப்புடன் ஒப்படைக்கிறோம்" என்று எழுதிவிட்டுக் கொடுங்கள். கடிதம் வந்த உறையையும் எறியாதீர்கள், தபால் முத்திரையில் திகதி இருக்கும். சட்டத்தரணியிடம் போகும்போது அதையும் கொண்டுபோங்கள்.