வாலஸ் எங்கே?

நண்பர்களே, வணக்கம்.

'தி வயர்' தொடரின் முதல் இரண்டு சீசன்களை அண்மையில் மறுபடி உட்கார்ந்து பார்த்தேன். 2002இல் ஹெச்பிஓ என்ற அமெரிக்கத் தொலைக்காட்சியில் தொடங்கி 2008இல் முடிந்த தொடர். அமெரிக்காவின் பால்டிமோர் நகரம்தான் களம். உருவாக்கிய டேவிட் சைமன், அந்த ஊர்ப் பத்திரிகையில் குற்றச் செய்திகள் எழுதியவர். அவரோடு சேர்ந்து எழுதிய எட் பர்ன்ஸ், அங்கேயே கொலை வழக்குகளைத் துப்பறிந்து, பிறகு பள்ளிக்கூட வாத்தியார் ஆனவர். அந்த வாத்தியாரை மனசில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் தடவை பார்த்தபோது, போதைச் சரக்கு விற்கும் பார்க்ஸ்டேல் கும்பல் எப்போது மாட்டும் என்ற ஒரே நினைப்பில் 13 எபிசோடுகளையும் ஓட்டிவிட்டேன். போலீஸ் வேலை அப்படி நுணுக்கமாக இருந்தது. கும்பல் பையன்களின் பேஜரில், அதாவது எண்ணை மட்டும் காட்டும் சின்னக் கருவியில், திருப்பிக் கூப்பிட ஓர் எண் வரும். அது நேரான எண் இல்லை. போன் பொத்தான்களில் நடுவே இருக்கும் 5ஐத் தாண்டி எதிர்ப்பக்கம் போக வேண்டும். 1 என்றால் 9, 2 என்றால் 8, 5 என்றால் 0. இதைக் கண்டுபிடிப்பவர் பிரெஸ் என்ற போலீஸ்காரர். தெருவில் வேலை பார்த்துப் பெயரைக் கெடுத்துக்கொண்டு மேசைக்கு வந்தவர். அந்தக் காட்சிக்கு நான் கைதட்டினேன்.

இந்த முறை என்னை நிறுத்தி வைத்தவன் வாலஸ். பதினாறு வயசுப் பையன். குடியிருப்பு முற்றத்தில் கிடக்கும் ஆரஞ்சு சோபாவைச் சுற்றி, பார்க்ஸ்டேல் கும்பலுக்காகப் போதைச் சரக்கு விற்பவன். தன்னோடு ஒண்டியிருக்கும் சின்னப் பிள்ளைகளுக்குக் காலையில் ஜூஸும் சிப்ஸும் கொடுத்துப் பள்ளிக்கு அனுப்புவான். ஒருநாள் ஒரு பிள்ளை வீட்டுக்கணக்கில் திணறுகிறது. பஸ்ஸில் இத்தனை பேர் ஏறினார்கள், இத்தனை பேர் இறங்கினார்கள், மிச்சம் எத்தனை? வரவில்லை. வாலஸ் அதையே சரக்குக் குப்பிகளாக மாற்றிக் கேட்கிறான். பட்டென்று சரியான விடை வருகிறது. இது மட்டும் எப்படி வந்தது என்று கேட்டால், அந்தக் கணக்குத் தப்பினால் அடி விழும் என்கிறது பிள்ளை.

ஒரு நிமிடக் காட்சிதான். முதல் தடவை இதை நான் கவனிக்கவே இல்லை, அதை நினைத்தால் இன்றும் உறுத்துகிறது. 2006இல் வந்த நான்காம் சீசன் முழுக்கப் பள்ளிக்கூடம். அங்கே கணக்கு வாத்தியாராக வந்து நிற்பவர் யார்? அதே பிரெஸ்! பர்ன்ஸ் வகுப்பறையில் நின்று பார்த்ததெல்லாம் முதல் சீசனிலேயே இந்தப் பிள்ளையின் பதிலில் இருக்கிறது.

இரண்டாம் சீசன் துறைமுகத்துக்குப் போனதும் பலர் சலித்துக்கொண்டார்கள். எனக்கு அது இப்போது இன்னும் பிடிக்கிறது. கப்பல் வரத்துக் குறைந்து, வேலை இல்லாமல் தவிக்கும் தொழிலாளிகளுக்காகச் சங்கப் பொருளாளர் சொபோட்கா கடத்தலுக்குத் துணைபோகிறார். அவருடைய தவிப்பும் வாலஸின் தவிப்பும் ஒரே ஊரில் இரண்டு தெரு தள்ளி நடப்பவைதான்.

வாலஸைக் கொல்வது போலீஸும் அல்ல, எதிரிக் கும்பலும் அல்ல. அவனோடு அந்தச் சோபாவில் உட்கார்ந்திருந்த போடியும் பூட்டும். சுடும்போது போடியின் கை நடுங்குகிறது. செய்தியைக் கேட்ட டியாஞ்சலோ, அந்த முற்றத்தில் இவர்களை மேய்த்தவன், சிறையில் தன்னைப் பார்க்க வந்த கும்பலின் இரண்டாம் தலைவர் ஸ்ட்ரிங்கரிடம் கேட்கிறான்: "வாலஸ் எங்கே?" திரும்பத் திரும்ப அதையே கேட்கிறான். ஸ்ட்ரிங்கர் பதில் சொல்லாமல் எழுந்து போகிறார்.