கூடலூரில் அண்ணன், ஹட்டனில் தம்பி

நடுவர் அவர்களே, கூடலூர்ப் பெருமக்களே, வணக்கம். 'குடும்பத்தை அதிகம் பிரிப்பது மதமா, அரசியலா?' என்ற கேள்விக்கு எங்கள் அணியின் பதில், அரசியலே.

வேற்று மதத்தில் கட்டினால் வீட்டுக் கதவு அடைபடுகிறது என்றார் எதிரணித் தலைவர். அடைபடுகிறது, மறுக்கவில்லை. ஆனால் அதற்கு வழி இருக்கிறது. 1954ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டப்படி, மணமக்களில் ஒருவராவது 30 நாள் குடியிருந்த மாவட்டத்தின் திருமண அலுவலரிடம் நோட்டீஸ் கொடுக்கலாம். அதை 30 நாள் ஒட்டி வைப்பார்கள். வயது குறைவு, முதல் தாரம் உயிரோடிருப்பது போன்ற சட்டக் காரணம் இருந்தால்தான் ஆட்சேபம் நிற்கும். வேற்று மதம் என்ற காரணம் செல்லாது. பிறகு மூன்று சாட்சிகளின் கையெழுத்து, அவ்வளவுதான். கோபித்த அப்பாவும் பக்கத்து லைன் வீட்டில்தான் இருக்கிறார். பேரப்பிள்ளை பிறந்தால் நடந்தே வந்து பார்த்துவிடலாம்.

இனி, இலங்கையிலிருந்து அனுப்பப்பட்டவர்களுக்கு வேலை கொடுக்கத் தொடங்கிய அரசுத் தேயிலைக் கழகமான டேன்டீ இந்த மலைக்கு வந்த காரணத்தைப் பாருங்கள். 1948இல் இலங்கையின் குடியுரிமைச் சட்டம், அங்கே தோட்ட வேலைக்குப் போன இந்திய வம்சாவளியினரான மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது. 1964 அக்டோபர் 30 அன்று இரு நாட்டுப் பிரதமர்கள் போட்ட சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்தது. மிஞ்சிய 1,50,000 பேரை 1974இல் பாதிப் பாதியாகப் பங்கு போட்டார்கள். அந்தக் கணக்கில் தலை மட்டும்தான் உண்டு. குடும்பம் என்று ஒரு பத்தியே கிடையாது. குடியுரிமை கேட்டு அப்பா ஒரு மனு, வளர்ந்த மகன் தனி மனு, கட்டிக்கொடுத்த மகள் கணவன் வீட்டோடு. ஒரே வீட்டுக்கு வெவ்வேறு முடிவுகள் வந்தன.

தலைமன்னாரில் கப்பலேறி, ராமேஸ்வரத்தில் இறங்கி, வந்தவர்களைத் தங்கவைத்த மண்டபம் முகாம். தாயகம் திரும்புவோருக்குக் கொடுத்த குடும்ப அட்டையில் எந்த மறுவாழ்வுத் திட்டம் எழுதியிருந்ததோ அங்கே அனுப்பினார்கள். ஒருவருக்கு நீலகிரித் தேயிலை, உடன்பிறந்தவருக்கு எங்கோ நூற்பாலை. ஒன்றாகக் கடல் தாண்டியவர்களும் இங்கே வந்து சிதறினார்கள், நடுவர் அவர்களே! 1980களில் இலங்கையில் போர் மூண்டது, அந்தக் கப்பலும் நின்றது.

2003இல்தான் இலங்கை குடியுரிமை கொடுத்துவிட்டதே என்று அடுத்து வருபவர் கேட்கக்கூடும். 1964 அக்டோபர் 30 முதல் அங்கேயே நிரந்தரமாக வசித்தவருக்கும் அவர் வழித்தோன்றல்களுக்கும் வந்த சட்டம் அது. ஒப்பந்தப்படி அனுப்பப்பட்டுப் பந்தலூரில் குடியேறியவருக்கு அதில் இடமில்லை. இலங்கை மலையகத்தின் ஹட்டனில் அம்மா இறந்தால், சேரம்பாடி மகன் பாஸ்போர்ட் எடுத்து, விசா வாங்கிப் போய்ச் சேர்வதற்குள் அடக்கமே முடிந்துவிடும். அந்த விசாவை அவரிடம் கேட்டது எந்த மதம்?