மறுபதிவு இல்லாத மேடை

நேயர்களுக்கு வணக்கம்.

தொலைக்காட்சியின் தொடக்கக் காலப் பல்சுவை நகைச்சுவை என்றதும் பலரும் மில்டன் பெர்லின் பெயரையே முதலில் சொல்வார்கள். 1948இல் அவர் என்பிசி என்னும் அமெரிக்கத் தொலைக்காட்சியில் நடத்தத் தொடங்கிய ‘டெக்சகோ ஸ்டார் தியேட்டர்’ நிகழ்ச்சியைப் பார்ப்பதற்காகவே அமெரிக்கக் குடும்பங்கள் பல தொலைக்காட்சிப் பெட்டி வாங்கின. ஆனால், அக்கலையை அதன் உச்சத்துக்குக் கொண்டுசென்றவர் அமெரிக்க நகைச்சுவை நடிகர் சிட் சீசர் என்பதே என் உறுதியான கருத்து.

1950 பிப்ரவரி 25 முதல் 1954 வரை, சனிக்கிழமை இரவுகளில் நியூயார்க்கிலிருந்து ஒன்றரை மணி நேரம் நேரடியாக ஒளிபரப்பான ‘யுவர் ஷோ ஆஃப் ஷோஸ்’ நிகழ்ச்சியில், தயாரிப்பாளர் மாக்ஸ் லீப்மன், சீசருடன் இமோஜீன் கோகா, கார்ல் ரைனர், ஹோவர்ட் மோரிஸ் ஆகியோரையும் ஒரே மேடையில் நிறுத்தினார். மெல் டோல்கின், லூசில் காலன், மெல் புரூக்ஸ் முதலிய எழுத்தாளர்கள் வாரந்தோறும் புதிதாக எழுதித் தந்ததை அந்நடிகர்கள் மனப்பாடம் செய்துகொண்டு மேடையேறினார்கள். வசனம் மறந்தால் எடுத்துக்கொடுக்க எதிரே அட்டை இல்லை. பிசகினால் வெட்டி ஒட்டவும் வழியில்லை.

அந்த நெருக்கடிதான் சீசரின் கலையைக் கூர்மையாக்கியது என்று நான் கருதுகிறேன். ஜெர்மன், பிரெஞ்சு, இத்தாலிய மொழிகளின் ஓசையை மட்டும் எடுத்துக்கொண்டு, பொருளே இல்லாத சொற்களை மணிக்கணக்கில் பேசவல்லவர் அவர். அடுத்து வந்த ‘சீசர்ஸ் அவர்’ நிகழ்ச்சியில், இத்தாலிய இசை நாடகம் ஒன்றைக் கேலி செய்யும் காட்சியில், கோமாளி வேடமிட்டுக் கண்ணாடி முன் அமர்ந்து கன்னத்தில் கண்ணீர்த்துளி வரைந்துகொண்டிருந்தபோது, ஒப்பனைப் பென்சிலின் முனை உடைந்துவிட்டது. நாடே பார்த்துக்கொண்டிருக்கிறது. அவர் சற்றும் தயங்காமல், பாடிக்கொண்டே கன்னத்தில் குறுக்கும் நெடுக்குமாகக் கோடுகள் இழுத்து, கட்டங்களில் பெருக்கல் குறியும் பூஜ்யமும் போட்டு, தம் முகத்திலேயே டிக்-டாக்-டோ ஆடத் தொடங்கிவிட்டார். எந்த எழுத்தாளரும் எழுதித் தராத அந்தக் காட்சி, எழுதப்பட்ட பலவற்றையும் விஞ்சி நிற்கிறது.

இவற்றை இன்று நாம் காண முடிவது கினஸ்கோப் என்னும் முறையால்தான். ஒளிபரப்பு ஓடும் திரைக்கு நேரே ஒரு கேமராவை வைத்துப் படச்சுருளில் பிடித்துக்கொள்வார்கள். படம் மங்கலாகத்தான் இருக்கும். அன்றைய நிகழ்ச்சிகள் பலவற்றின் சுருள்கள் அழிந்துபோக, லீப்மன் தம்மிடம் பிரதிகளைப் பாதுகாத்து வைத்திருந்தார். அவற்றிலிருந்து தேர்ந்தெடுத்த பத்துக் காட்சிகள், 1973இல் தொகுக்கப்பட்டுத் திரையரங்குகளில் வெளியாயின.