சட்டத்தை விடாத எதிர்க்கட்சிக்காரர்

வணக்கம் நேயர்களே. சிங்கப்பூர் எதிர்க்கட்சி அரசியல் என்றதும் தமிழர் பலருக்கு முதலில் நினைவுக்கு வருபவர் ஜே. பி. ஜெயரத்னம். அவரைத் தியாகி என்று புகழ்ந்துவிட்டுப் போகலாம், பிடிவாதக்காரர் என்று சொல்லிவிட்டும் போகலாம். இரண்டுமே சுலபம். என்னைக் கவர்ந்தது வேறு. நீதிமன்றத்தில் எத்தனை முறை அடி வாங்கினாலும், அவர் மறுபடியும் நீதிமன்றத்துக்கே போனார். இடதுசாரி என்றால் வேலைநிறுத்தம், ஊர்வலம் என்று நினைக்கிறோம். இவர் சட்டப் புத்தகத்தை நம்பிய இடதுசாரி.

1926 ஜனவரியில் யாழ்ப்பாணத்தில் பிறந்தார். வளர்ந்தது மலாயாவின் ஜொகூரில். லண்டனில் சட்டம் படித்துவிட்டு 1952இல் சிங்கப்பூர் அரசாங்கச் சட்டச் சேவையில் சேர்ந்தார். அதே 1952இல்தான் லீ குவான் யூ என்ற இளம் வழக்கறிஞர் தபால் ஊழியர்களின் வேலைநிறுத்தத்தில் அவர்கள் பக்கம் நின்று பெயர் வாங்கினார். அதாவது, பின்னாளில் பிரதமரானவர் அன்று தொழிற்சங்கத்தின் வக்கீல்; பின்னாளில் எதிர்க்கட்சிக்காரரானவர் அன்று அரசாங்க அதிகாரி. மாஜிஸ்திரேட், மாவட்ட நீதிபதி, அரசாங்க வழக்கறிஞர், உச்ச நீதிமன்றப் பதிவாளர் என்று படிப்படியாக ஏறியவர் 1963இல் வேலையை விட்டார். சொந்தமாக வழக்கறிஞர் தொழில் தொடங்கினார்.

1971இல் பாட்டாளிக் கட்சிக்கு வந்தார். டேவிட் மார்ஷல் என்ற இன்னொரு வழக்கறிஞர் 1957இல் தொடங்கிய கட்சி அது. ஜெயரத்னம் பொதுச் செயலாளராகப் பொறுப்பேற்றபோது பெயருக்குத்தான் உயிரோடிருந்தது. அன்றைய நிலையையும் சொல்ல வேண்டும். பெரிய இடதுசாரிக் கட்சியான பாரிசான் சோசியலிஸ் 1966இல் நாடாளுமன்றத்தைப் புறக்கணித்து வெளியேறியது. 1968 தேர்தலில் 58 இடங்களும் லீ குவான் யூவின் ஆளுங்கட்சியான மக்கள் செயல் கட்சிக்கே போயின. அதற்குப் பிறகு 1972, 1976, 1980 தேர்தல்களிலும் ஓர் இடம்கூட எதிர்க்கட்சிக்குக் கிடைக்கவில்லை. பாரிசான் செய்தது பெரிய தவறு என்பது என் கருத்து. காலி செய்துவிட்டுப் போன வீட்டுக்குள் திரும்ப நுழைய 15 ஆண்டுகள் பிடித்தன.

நுழைந்தவர் ஜெயரத்னம். அதற்கு முன் இரண்டு இடைத்தேர்தல், மூன்று பொதுத்தேர்தல் என்று வரிசையாகத் தோற்றிருந்தார். 1976 தேர்தல் மேடையில் பேசிய பேச்சுக்காக லீ குவான் யூ அவதூறு வழக்குப் போட்டார். 1,30,000 வெள்ளி, அதாவது சிங்கப்பூர் டாலர், இழப்பீடு கட்டும்படி ஆயிற்று. அப்புறம் வந்தது 1981 அக்டோபர் 31, ஆன்சன் இடைத்தேர்தல். தேவன் நாயர் அதிபரானதால் காலியான இடம் அது. துறைமுகத்தை ஒட்டிய தொகுதி. குடியிருப்பைக் காலி செய்யச் சொன்னதில் சில அடுக்குமாடிக் கட்டடங்களில் கோபம் இருந்தது. ஜெயரத்னத்துக்கு 7,012 வாக்குகள், மக்கள் செயல் கட்சி வேட்பாளருக்கு 6,359. வித்தியாசம் 653தான். ஆனால் சுதந்திர சிங்கப்பூரில் ஓர் எதிர்க்கட்சி வேட்பாளர் ஒரு தொகுதியை வென்றது அதுவே முதல் தடவை. 1984இல் இன்னும் கூடுதல் வாக்கு வாங்கி அதே தொகுதியைத் தக்கவைத்தார்.

இனிதான் கதையின் சிக்கலான பகுதி. கட்சிக்கு வந்த சில காசோலைகள், கட்சிக் கணக்கு பற்றிய உறுதிமொழி இவை தொடர்பாக அவர்மீதும் கட்சித் தலைவர்மீதும் வழக்கு வந்தது. முதலில் விசாரித்த நீதிபதி ஒன்றைத் தவிர மற்றக் குற்றச்சாட்டுகளிலிருந்து விடுவித்தார். பிறகு அந்த நீதிபதிக்கு இடமாற்றம் ஆனது. அரசு தலையிட்டது என்று ஜெயரத்னம் குற்றம்சாட்ட, விசாரணை ஆணையம் அமைந்தது. அப்படி எதுவும் நடக்கவில்லை என்று அது முடிவு சொன்னது. மேல்முறையீடு, மறுவிசாரணை எல்லாம் முடிந்து 1986இல் ஒரு மாதச் சிறை, 5,000 வெள்ளி அபராதம். அன்றைய அரசமைப்பின்படி 2,000 வெள்ளிக்குக் குறையாத அபராதம் விழுந்தாலே பதவி போய்விடும். நாடாளுமன்ற இடம் போனது. ஐந்தாண்டுகள் தேர்தலில் நிற்க முடியாது. மறு ஆண்டு வழக்கறிஞர் பட்டியலிலிருந்தும் பெயரை நீக்கினார்கள்.

இங்கே ஒரு சட்ட நுணுக்கம். குற்றவியல் தண்டனையை எதிர்த்து, அன்று சிங்கப்பூருக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போக அவருக்கு வழி இருக்கவில்லை. ஆனால் வழக்கறிஞர் பட்டியலிலிருந்து நீக்கியதை எதிர்த்துப் போகலாம். போனார். 1988இல் பிரிவி கவுன்சில் அவரைப் பட்டியலில் திரும்பச் சேர்த்தது. சேர்த்ததோடு நிற்காமல், செய்யாத குற்றத்துக்காக இவர்கள் சிறைக்குப் போய் அவமானப்பட்டிருக்கிறார்கள், இது பெரும் அநீதி என்றும் கடுமையாகச் சொன்னது. சரி, தண்டனை ரத்தாகிவிட்டதா என்றால், இல்லை! அதை ரத்து செய்யும் அதிகாரம் அந்த மேல்முறையீட்டில் இல்லை. தண்டனையிலிருந்து பொதுமன்னிப்பு தரும்படி அதிபரிடம் விண்ணப்பித்தார், கிடைக்கவில்லை. ஆக, வக்கீலாக மீண்டார், உறுப்பினராக மீளவில்லை. அடுத்த ஆண்டே லண்டனுக்கு மேல்முறையீடு போகும் வழியைச் சுருக்கினார்கள். 1994இல் முழுவதும் அடைத்தார்கள்.

1997இல் செங் சான் குழுத்தொகுதியில், அதாவது பலர் ஓர் அணியாகப் போட்டியிடும் தொகுதியில், அவர் அணி 45 விழுக்காடு வாக்கு வாங்கித் தோற்றது. ஆனாலும், அதிக வாக்கு வாங்கித் தோற்ற எதிர்க்கட்சியினருக்குத் தரப்படும் தொகுதியில்லா உறுப்பினர் இடத்தில் நாடாளுமன்றத்துக்குத் திரும்பினார். அந்தத் தேர்தல் மேடையில், தன் அணி வேட்பாளர் அன்றைய பிரதமர் கோ சோக் டோங் உள்ளிட்டோர்மீது போலீசில் கொடுத்த புகார்களைப் பற்றி ஒரே ஒரு வாக்கியம் சொன்னார். கோ சோக் டோங் அவதூறு வழக்குப் போட்டார். முதலில் 20,000 வெள்ளி என்ற இழப்பீடு மேல்முறையீட்டில் 1,00,000 ஆனது.

தமிழர்களான நமக்கு மனசைக் குத்துவது இன்னொரு வழக்கு. கட்சி ஏட்டில் தமிழ் மொழி வாரம் பற்றித் தமிழில் ஒரு கட்டுரை வந்தது. அந்த விழாவை நடத்திய ஏற்பாட்டுக் குழுவினர் அவதூறு என்று வழக்குத் தொடுத்தார்கள். ஏட்டின் ஆசிரியர் ஜெயரத்னம். அந்த வழக்கின் கடன்தான் கடைசியில் 2001இல் அவரை நொடித்துப்போனவர், அதாவது திவாலானவர், ஆக்கியது. அதனால் நாடாளுமன்ற இடம் இரண்டாம் முறையும் போனது. தமிழை வளர்க்க எடுத்த விழா, ஒரு தமிழரின் அரசியல் வாழ்வை முடக்குவதில் போய் நின்றது. வழக்குத் தொடுத்தவர்களுக்கும் அவர்கள் பக்க நியாயம் இருந்திருக்கும். ஆனாலும் அதை எண்ணினால் எனக்கு இன்றும் சங்கடமாகத்தான் இருக்கிறது.

அவருடைய வழக்காடும் பாணி எல்லா இடத்துக்கும் பொருந்தியது என்று நான் சொல்லமாட்டேன். வீட்டு வாடகை, பேருந்துக் கட்டணம் என்று வாக்காளரின் அன்றாடத்தைப் பேசுவதைவிட, விசாரணையின்றி ஒருவரை அடைத்துவைக்கும் சட்டத்தைப் பற்றிப் பேசும்போதுதான் அவர் குரல் உயர்ந்தது. அவருக்குப் பின் கட்சியை நடத்திய லோ தியா கியாங் நேர் எதிர். தொகுதிக்குள் நடந்து நடந்தே கட்சியை வளர்த்தார்.

2001இல் பாட்டாளிக் கட்சியை விட்டு வெளியேறியவர், தாமே எழுதிய புத்தகங்களைத் தெருவோரம் நின்று விற்றார். 2007இல் கடனைக் கட்டி முடித்து நொடிப்பு நிலையிலிருந்து வெளிவந்தார். அந்த வயதில் வேறு ஒருவர் ஓய்வெடுத்திருப்பார். இவர் மறுபடியும் வழக்கறிஞர் தொழிலுக்குத் திரும்பி, 2008இல் சீர்திருத்தக் கட்சி என்று புதுக் கட்சியும் தொடங்கினார். அதே ஆண்டு செப்டம்பர் 30ஆம் தேதி, 82 வயதில் இதயம் செயலிழந்து காலமானார். 2011 தேர்தலில் அந்தப் புதுக் கட்சியை அவர் மகன் கென்னத் வழிநடத்தினார். ஓர் இடமும் கிடைக்கவில்லை. அதே தேர்தலில் ஜெயரத்னத்தின் பழைய கட்சியான பாட்டாளிக் கட்சி அல்ஜுனிட் குழுத்தொகுதியைப் பிடித்தது. எதிர்க்கட்சி ஒன்று குழுத்தொகுதியை வென்றது அதுவே முதல் முறை. நன்றி, வணக்கம்.